ஒண்ணுமில்ல

விளமீன் கிடைத்தால் தலையோடு வாங்கி வரச் சொன்னார் பெருமாள்.

“மீன்காரிட்ட குடுத்துத் தலைய வெட்டிப் போட்டுட்டு வந்துராத. தலைதான் மீனு. மத்ததெல்லாம் வெறுஞ் சதை.”

“யாரு ஆயுறது? நீங்களா?” ஆவுடை பையை உதறிக்கொண்டே கேட்டாள்.

“நான் ஆயுதேன். சுக்கான் மேற்பார்வை பாப்பான்.”

தன் பெயரைக் கேட்டதும் நாற்காலிக்கு அடியில் படுத்திருந்த நாய் கண்ணைத் திறக்காமலே வாலால் தரையை ஒரு தட்டுத் தட்டியது. சிப்பிப்பாறைக் கலப்பு. ஒட்டிய வயிறு, நீண்ட மூஞ்சி, யாரையும் லேசில் நம்பாத கண்கள். பெருமாள் தூத்துக்குடித் துறைமுகத்தில் இழுவைப் படகு ஓட்டியவர். ஓய்வு பெற்று வீட்டில் உட்கார்ந்ததும் பிடித்துத் திருப்பக் கையில் ஏதுமில்லாமல் போனது. அதனால் நாய்க்குச் சுக்கான் என்று பெயர் வைத்தார். ஆனால் வீடு எந்தப் பக்கம் திரும்ப வேண்டும் என்பதை நாய்தான் தீர்மானித்தது.

“கதவச் சாத்திட்டுப் போ. ஈ வருது” என்றார்.

ஆவுடை சாத்திவிட்டுப் போனாள். அவர் அவளிடம் கடைசியாகப் பேசியது ஈயைப் பற்றித்தான்.

மீன் கடையில் நல்ல கூட்டம். அவள் செவுளைத் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தபோது பைக்குள் கைபேசி ஒரு குயில் சத்தம் போட்டது. நாயின் கழுத்துப்பட்டையிலிருந்து வரும் செய்திக்கு மட்டும் அந்தச் சத்தம். எடுத்துப் பார்த்தாள். பச்சை இலை ஒன்றும் அதன் கீழே இரண்டு வரியும் இருந்தன. ‘சுக்கான் இன்று தன் கோபத்தைத் தானே விட்டுவிட்டான். வீட்டுக்குப் போனதும் தட்டிக் கொடுங்கள்.’

அவளுக்குச் சிரிப்பு வந்தது. மீன்காரியிடம் காட்டினாள். “எங்க வீட்டு நாய்க்கு மார்க்குப் போட்டிருக்காவ, பாரு.”

“எங்க வீட்டு மனுசனுக்கும் இப்படி ஒண்ணு வாங்கிக் கட்டணும் யக்கா. பொழுதடைஞ்சா போதும், வள்ளுவள்ளுன்னு கொலைக்க ஆரம்பிச்சிருதான்.”

பக்கத்தில் நின்ற பெண்களெல்லாம் சிரித்தார்கள். ஆவுடையும் சிரித்தாள். தலையோடு மீனை வாங்கிக்கொண்டு, ஷேர் ஆட்டோவில் இடம் கிடைக்கும்வரை நின்று, நிதானமாக வீட்டுக்கு வந்தாள்.

மாடிப்படி ஏறும்போது வீடு அமைதியாக இருந்தது. கதவு அவள் சாத்தியபடியே இருந்தது. பெருமாள் நாற்காலிக்கும் மேசைக்கும் நடுவில் தரையில் கிடந்தார். சுக்கான் அவர் நெஞ்சின்மேல் தாடையை வைத்துப் படுத்திருந்தது. அவளைப் பார்த்ததும் வாலை ஆட்டியது. முனகலோ ஊளையோ இல்லை. மடியில் தூங்கும் பிள்ளையின் முகம் எப்படி இருக்குமோ அப்படி இருந்தது அதன் முகம். கழுத்துப்பட்டையில் பச்சை விளக்கு நிதானமாக எரிந்துகொண்டிருந்தது.

அரை மணி முன்னால் கொண்டுவந்திருந்தால் ஏதாவது செய்திருக்கலாம் என்றார் மருத்துவர்.

கோயம்புத்தூரிலிருந்து மகள் நந்திதா சாயங்காலமே வந்துவிட்டாள். மாப்பிள்ளை முகிலன் பிள்ளையை வைத்துக்கொண்டு அங்கேயே இருந்தார். ஐஸ் பெட்டி, பந்தல், வருகிறவர்களுக்குக் காப்பி, கோடிச் சேலை என்று எல்லாவற்றையும் நந்திதாவே நின்று பார்த்தாள். கண்ணில் ஒரு சொட்டு இல்லை. சொந்தக்காரப் பெண்கள் மெச்சினார்கள். “பையன் இல்லாத கொறைய தீத்துட்டாளே. என்ன தைரியம்!” என்றார்கள். ஆவுடைக்கும் அப்போது அது தைரியமாகத்தான் பட்டது.

காரியமெல்லாம் முடிந்து மகளும் ஊருக்குப் போன பிறகு, கீழ்வீட்டு லூர்து அண்ணன் மேலே வந்தார். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை. வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

“ஒண்ணு சொல்லணும் தங்கச்சி. சொல்லாம இருந்தா எனக்கு ஒறக்கம் வரமாட்டேங்கு.”

“சொல்லுங்கண்ணே.”

“அன்னைக்கு நாய் கொலைச்சுது. சும்மா கொலப்பு இல்ல, தொண்டை கிழியுற கொலப்பு. நான் செருப்ப மாட்டிட்டேன். பாதிப் படி ஏறிட்டேன். ‘என்ன பெருமாளு, என்ன சத்தம்?’னு கேட்டேன். உள்ளருந்து ‘ஒண்ணுமில்லண்ணே’ன்னான். நாயும் கப்புனு நின்னுட்டு. சரி, எவனாவது வாசல்ல வந்து நின்னுருப்பான்னு எறங்கிட்டேன்.” அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். “இன்னும் ரெண்டு கொலப்பு கொலைச்சிருந்தா உள்ள வந்திருப்பேன் தங்கச்சி. சத்தியமா வந்திருப்பேன்.”

ஆவுடை நாற்காலிக்கு அடியில் பார்த்தாள். சுக்கான் தூங்கிக்கொண்டிருந்தது. அதன் கழுத்தில் எரிந்த பச்சை விளக்கைப் பார்க்க அப்போதுதான் முதன்முதலாக அவளுக்குப் பயமாக இருந்தது.

அதற்கு முந்தின வருடம் சுக்கான், குழாயில் உப்புத் தண்ணீரே வருகிற அந்த வீட்டுக்குக் குடிதண்ணீர் கேன் போட வந்தவனின் கெண்டைக்காலில் பல்லைப் பதித்திருந்தது. அதற்கு முன்னால் எலெக்ட்ரீசியன். அதற்கும் முன்னால் குடியிருப்போர் சங்கச் செயலாளரே மாட்டினார். நாயை அடக்குங்கள், இல்லையென்றால் எங்காவது கொண்டுபோய் விடுங்கள் என்று சங்கத்தில் சொல்லிவிட்டார்கள். பிரம்போடும் முள் சங்கிலியோடும் ஒருவன் வந்தான். ஆவுடை அவனை வாசலோடு திருப்பி அனுப்பினாள். “அடிச்சுத்தான் பழக்கணும்னா அப்படிப்பட்ட பழக்கமே வேண்டாம்” என்றாள்.

பிறகுதான் ஜெனோவா வந்தாள். சின்னப் பெண், துறைமுகத்துப் பக்கத்துக்காரி. நாய்களை அன்பால் பழக்கும் ஒரு புதுக் கம்பெனியில் வேலை. வந்ததும் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். சுக்கான் உறுமியது. அவள் அதைப் பார்க்காத மாதிரி இருந்துகொண்டு பேசினாள்.

“அடி கெடையாது, ஷாக் கெடையாது, பட்டினி போடுறதும் கெடையாது அங்கிள். கோவம் வர்றதுக்கு முன்னாடி கழுத்துல ஒரு இறுக்கம் வரும். நமக்கே வரும். நாய்க்குத் தெரியுறதுக்கு முன்னாடியே அது இந்தப் பட்டைக்குத் தெரிஞ்சிரும். ஒடனே அங்க ஓடுற ஒரு நரம்ப லேசா வருடிக் குடுக்கும். அம்மா மடியில கெடக்குற மாதிரி இருக்கும் அதுக்கு. அதே நேரத்துல நீங்க ஒரு சொல்லு சொல்லணும். கொஞ்ச நாள் போனா வருடவே வேண்டாம், சொல்லு மட்டும் போதும்.”

“என்ன சொல்லு? இங்கிலீஷ்லயா?” பெருமாள் கேட்டார். “நம்ம ஊர்ல பேரப்பிள்ளைககிட்டயும் நாய்ககிட்டயுந்தான எல்லாரும் இங்கிலீஷ் பேசுதோம்.”

ஜெனோவா சிரித்தாள். “சொல்ல நாம எடுக்க வேண்டாம் அங்கிள். மொதல்ல கொஞ்ச நாள் பட்டை சும்மா கேட்டுக்கிட்டே இருக்கும். இந்த வீட்ல எந்தச் சொல்லு அதிகமா, மெதுவா, பாசமா வருதோ அத அதுவே எடுத்துக்கிடும். பழகுன சொல்லுன்னா நாய்க்கும் சீக்கிரம் பிடிபடும்.”

“அப்போ ‘சாப்ட்டியா’தான்” என்றார் பெருமாள். “ஏட்டி ஆவுடை, என்ன பந்தயம்?”

பந்தயத்தில் இரண்டு பேருமே தோற்றார்கள். பட்டை எடுத்தது ‘ஒண்ணுமில்ல’ என்ற சொல்லை. முதலில் சிரித்தாலும், யோசித்தபோது சரியாகத்தான் இருந்தது. பால் பொங்கி வழிந்தால் ஒண்ணுமில்ல. கண்ணாடித் தம்ளர் உடைந்தால், குத்திய முள்ளைப் பிடுங்கினால், இடி இடித்தால் ஒண்ணுமில்ல. ஏன் முகம் ஒரு மாதிரி இருக்கிறது என்று கேட்டால் ஒண்ணுமில்ல. சண்டை ஓய்ந்து முதலில் பேசுகிறவர் சொல்வதும் அதுதான். அந்த வீட்டில் எல்லாக் காயத்துக்கும் தடவுகிற ஒரே களிம்பு அந்தச் சொல்.

பலன் நன்றாகத்தான் இருந்தது. சுக்கானின் முதுகு மயிர் சிலிர்க்கும். “ஒண்ணுமில்லய்யா” என்றால் அடங்கும். தண்ணீர் கேன்காரன் படியேறி வந்தான், சங்கச் செயலாளர் வந்து காப்பி குடித்தார். ஒருவரையும் அடிக்காமல், எதையும் உடைக்காமல் ஒரு கோபத்தைக் கரைத்துவிட்டோம் என்று ஆவுடைக்குப் பெருமையாக இருந்தது.

துக்கம் கேட்க ஜெனோவா வந்தபோது ஆவுடை காப்பி கொடுத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தாள். லூர்து அண்ணன் சொன்னதைச் சொன்னாள். அந்தப் பெண் தம்ளரைக் கீழே வைத்தாள்.

“அங்கிள் அத லூர்து அங்கிளுக்குச் சொல்லியிருக்காங்க. சுக்கான் தனக்குச் சொன்னதா எடுத்துக்கிட்டான்” என்றாள் மெல்ல. “அவன்மேல தப்பில்ல ஆன்ட்டி. அவன் நல்ல பிள்ளையா இருந்தான்.”

“இந்தப் பட்டையக் கழட்டிரு.”

“கழட்டுறேன். ஆனா இனிமே அது சும்மா அலங்காரந்தான். உள்ள பாதை விழுந்தாச்சு.”

“அழிக்க முடியாதா?”

“பழக்கத்தான் எங்களுக்குத் தெரியும் ஆன்ட்டி. பழக்குனத எடுக்க இன்னும் யாருக்கும் தெரியாது.” அவள் வாசல் பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். “நான் சொன்னேன்னு யார்ட்டயும் சொல்லிராதீங்க. மத்த பாஷைக்காரங்க வீடுகள்ல வீட்டுக்கு ஒரு சொல்லு வந்துச்சு. நம்ம வீடுகள்ல மட்டும் கிட்டத்தட்ட எல்லாப் பட்டையும் இதே சொல்லத்தான் எடுத்துச்சு. மெஷின் கோளாறுன்னு நெனச்சுத் திரும்பத் திரும்பப் பாத்தாங்க. கோளாறு இல்ல. அப்புறம் மேல உள்ளவங்களுக்கு ரொம்பச் சந்தோஷம்.”

“எதுக்குச் சந்தோஷம்?”

“மனுஷங்களுக்கு உள்ள பட்டை வரும்போது சொல்லு தேட வேண்டாமே. ஊருக்கே ஒண்ணு ரெடியா இருக்கு.”

“மனுஷங்களுக்கா?”

“வந்தாச்சு ஆன்ட்டி. பின்கழுத்துல ஒட்டிக்கிடுற பொட்டு மாதிரி. பொசுக்குனு கோவப்படுறவங்களுக்கு, பதட்டப்படுறவங்களுக்கு. யாரும் கட்டாயப்படுத்தல, அவங்களாத்தான் விரும்பி ஒட்டிக்கிடுதாங்க. பலன் நல்லாத்தான் இருக்கு.” பேசிக்கொண்டே ஜெனோவா துப்பட்டாவை இழுத்துக் கழுத்தை மூடிக்கொண்டாள்.

அதன் பிறகு ஆவுடை அந்தச் சொல்லை வாயில் எடுக்கவில்லை. ஆனால் காதை என்ன செய்வது? பேருந்தில் ஒருவரின் காலை மிதித்துவிட்டு இன்னொருவர் சொல்கிறார். வங்கியில் கண்ணாடிக்குப் பின்னாலிருந்து சொல்கிறார்கள். ஊசி போடுகிற நர்ஸ் சொல்கிறாள். இத்தனை நாளும் இவ்வளவு பேர் இதைச் சொல்லிக்கொண்டேயா இருந்தார்கள் என்று அவளுக்குத் திகைப்பாக இருந்தது. ஒவ்வொரு முறையும், சொன்னவரைப் பார்க்காமல் கேட்டவரின் கழுத்தைப் பார்த்தாள்.

சுக்கானுக்குக் குரைப்பைத் திரும்பக் கற்றுக்கொடுக்க முயன்றாள். வெளியே போய் நின்று கதவைத் தட்டுவாள். தட்டைக் கீழே போடுவாள். தொண்டையில் ஒரு சின்னச் சத்தம் வந்தாலும் ஈரல் துண்டு கொடுப்பாள். லூர்து அண்ணன் தினமும் வந்து வாசலில் நின்று திருடன் மாதிரி முழித்துக் காட்டுவார்.

“ஊரே நாயக் கொலைக்காதன்னு பழக்குது. நீ என்னடான்னா கொலைக்கப் பழக்குதே. நான் வேணா கொலைச்சுக் காட்டட்டுமா?”

“காட்டுங்க. அவன் ஒங்களப் பாத்தாவது வெக்கப்படட்டும்.”

லூர்து அண்ணன் நிஜமாகவே குரைத்துக் காட்டினார். அந்த வீட்டில் சாவுக்குப் பிறகு வந்த முதல் சிரிப்பு அதுதான்.

ஒரு நாள் பகலில் வாசலில் நிழல் தட்டியதும் சுக்கான் எழுந்து நின்றது. முதுகு மயிர் சிலிர்த்தது. அடிவயிற்றிலிருந்து ஒரு உறுமல் கிளம்பி, வளர்ந்து, குரைப்பாகவே வெடித்தது. ஆவுடைக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது. அடுக்களையிலிருந்து கையைத் துடைக்காமல் ஓடி வந்தாள்.

கம்பிக் கதவுக்கு வெளியே பார்சலோடு ஒரு இளைஞன். பயப்படவே இல்லை. குனிந்து, கம்பி வழியாகச் சிரித்து, “ஒண்ணுமில்லடா” என்றான்.

சுக்கான் பாதிக் குரைப்பில் நின்றது. காதைத் தொங்கவிட்டது. படுத்து, அவனைப் பார்த்து வாலை ஆட்டியது.

“ஒனக்கு யாரு சொன்னா இத?” ஆவுடை கேட்டாள். அவள் குரல் அவளுக்கே அந்நியமாக இருந்தது.

“எதம்மா? ஓ, அதுவா! இதச் சொல்லிக்குடுத்துத்தான் எங்கள வண்டியில ஏத்தி விடுதாவ. எந்தத் தெருவுக்குப் போனாலும் இது ஒண்ணு போதும். முந்தி ஒரு நாளைக்கு எத்தனை கடி!” அவன் பார்சலை நீட்டினான். “கொஞ்சம் தண்ணி தாங்கம்மா. வெயிலு கொல்லுது.”

நல்ல பையன். தண்ணீரைக் குடித்துவிட்டுச் செம்பைக் கழுவிக் கொடுத்தான். போகும்போது சுக்கானுக்கு டாட்டா காட்டினான். அவன் நல்லவனாக இருந்ததுதான் அவளைக் கலக்கியது. நல்லவனுக்கு இவ்வளவு லேசாகத் திறக்கிற கதவு மற்றவனுக்கும் திறக்கும். அன்றிலிருந்து பகலிலும் உள்தாழ்ப்பாள் போட்டுக்கொண்டாள்.

நந்திதா மறுபடியும் வந்தது அம்மாவைக் கையோடு கூட்டிப்போக. வந்ததும் அலமாரியைத் திறந்து சேலைகளை மடித்துப் பெட்டியில் வைக்க ஆரம்பித்துவிட்டாள். சுக்கான் பெட்டியை மோந்து பார்த்துவிட்டுப் போய்ப் படுத்துக்கொண்டது.

“நாய லூர்து மாமாட்ட விட்டுரலாம்மா. அபார்ட்மெண்ட்ல வச்சுக்கிட முடியாது.”

“நான் இன்னும் வாரேன்னே சொல்லல.”

“தனியா இருந்து என்ன செய்யப் போற? கதவப் பூட்டிக்கிட்டு நாய்க்குக் கொலைக்கச் சொல்லிக்குடுக்கியாம். மாமா போன்ல சொல்லிச் சிரிக்காவ.”

அவள் குரலில் கேலி இருந்தது, கோபம் இல்லை. ஆவுடை மகளையே பார்த்துக்கொண்டிருந்தாள். சின்ன வயதில் இட்லி சூடாக இல்லையென்றால் தட்டை வீசுகிற பிள்ளை இது. அப்பாவும் மகளும் கத்துகிற கத்தலில் கீழ்வீட்டு ஜன்னல்கள் சாத்திக்கொள்ளும். இப்போது சேலை மடிக்கிற கைகள் எவ்வளவு சீராக மடிக்கின்றன.

“எனக்கு ஒண்ணுதான் ஆறவே மாட்டேங்கு நந்து” என்றாள் ஆவுடை. “ஒங்கப்பா ஒரு போன் போட்டிருக்கலாம்லா. பக்கத்துலதான் கெடந்துச்சு. யாரையாவது கூப்ட்டிருக்கலாம்.”

“கூப்ட்டாவளே.”

“யார?”

“என்னத்தான்.”

பேருந்து நேரம் சொல்கிற மாதிரிச் சொல்லிவிட்டு அவள் அடுத்த சேலையை எடுத்தாள். ஆவுடை அப்படியே கட்டிலில் உட்கார்ந்தாள்.

“என்னட்டி சொல்லுத? எப்போ?”

“அன்னைக்குத்தான். நீ மீன் வாங்கப் போயிருக்கன்னு சொன்னாவ. நெஞ்சுல யாரோ ஏறி உக்காந்த மாதிரி இருக்குட்டின்னாவ. மூச்சு வாங்கிட்டே பேசுனாவ. நான் எந்திரிச்சுட்டேன்மா. மீட்டிங்ல இருந்தேன், நாற்காலி கீழ விழுந்துட்டு. ‘அப்பா, நான் ஆம்புலன்ஸுக்குச் சொல்லுதேன், லூர்து மாமாவக் கூப்பிடுதேன்’னு கத்துனேன்...”

குரல் உடையத் தொடங்கியது. கீழுதடு நடுங்கியது. அப்பா செத்த வீட்டில் அவள் முகம் எப்படி இருந்திருக்க வேண்டுமோ, அந்த முகம் இப்போது மேலே வரப் பார்த்தது.

“அப்பா பயந்துட்டாவ. நான் அழுறது கேட்டுட்டு போல. ‘ஏட்டி, ஒண்ணுமில்லட்டி, ஒண்ணுமில்ல’ன்னு...”

முகம் அப்படியே அமர்ந்தது. உதடு நின்றது. புருவம் நிமிர்ந்தது. மூச்சு ஒருமுறை இறங்கியது. இஸ்திரி போட்ட துணி மாதிரி ஒரு சுருக்கமும் இல்லாமல் ஆகிவிட்டது அவள் முகம்.

“சரிப்பான்னு வச்சுட்டேன்” என்றாள். “மீட்டிங் முடியவும் கூப்பிடலாம்னு இருந்தேன்.” சேலையின் ஓரத்தை ஒன்றோடொன்று சேர்த்து மடித்தாள்.

ஆவுடை எழுந்து போய் மகளின் கூந்தலை ஒதுக்கிப் பார்த்தாள். பின்கழுத்துக் குழியில், தோலின் நிறத்திலேயே ஒரு பொட்டு.

“எப்பட்டி ஒட்டுன இத?”

“ரொம்ப நாளாச்சும்மா. என் பிள்ள பால் டம்ளரத் தட்டி விட்டான்னு ஒரு நாள் போட்டு அடிச்சுட்டேன். கன்னத்துல வெரலு பதிஞ்சுட்டு. ரெண்டு வயசுப் பிள்ளைம்மா. அன்னைக்கே போய் ஒட்டிக்கிட்டேன்.” அவள் அம்மாவை நேராகப் பார்த்தாள். “அதுக்கப்புறம் எங்க வீட்ல ஒரு சத்தம் கெடையாது. அவனுக்கு இப்ப என்னைக் கண்டா பயமில்ல. அது தப்பாம்மா?”

நாயை அடிக்க விடாமல் பிரம்புக்காரனைத் திருப்பி அனுப்பியவள் அவளேதான். மகள் செய்ததும் அதுதான்.

ஆனால் நாற்காலிக்கு அடியிலிருந்து ஒரு ஜோடிக் கண்கள் பார்த்துக்கொண்டிருந்தன. நாயின் முகமும் மகளின் முகமும் ஒன்றுபோல் இருந்தன. அன்று அந்த மனிதர் இரண்டு பேரை உதவிக்கு வைத்திருந்தார். பயப்படாதீர்கள் என்று அவரே இரண்டு பேரையும் அடக்கிவிட்டுச் செத்துப்போனார்.

“நந்து, உக்காரு.” கையைப் பிடித்துக் கட்டிலில் உட்கார வைத்தாள். “அப்பா பேசுனத மறுபடியும் சொல்லு. ஆனா அந்தச் சொல்லச் சொல்லாத. மத்ததச் சொல்லு.”

“எதுக்கும்மா?”

“எனக்காவச் சொல்லு.”

நந்திதா சொன்னாள். நெஞ்சில் ஏறி உட்கார்ந்தது, மூச்சு வாங்கியது, நாற்காலி விழுந்தது. அந்த இடத்துக்கு வந்ததும் நின்றாள். அடுத்து ஒரு சொல் இருக்க வேண்டிய இடத்தில் இப்போது எதுவும் இல்லை. அந்த வெறுமைக்குள் அவள் எட்டிப் பார்த்தாள். அவள் கண்கள் விரிவதை ஆவுடை பார்த்தாள்.

“எம்மா... நான் போன வச்சுட்டேன்.”

“ம்.”

“அப்பா மூச்சு வாங்குறது கேட்டுச்சும்மா. நான் வச்சுட்டேன்.”

“ம்.”

உடம்பு குலுங்கத் தொடங்கியது. நந்திதா அம்மாவின் தோளை நகம் பதியப் பிடித்தாள். “எம்மா, சொல்லும்மா. ஒரே ஒரு தடவ அதச் சொல்லு. என்னால முடியலம்மா. நானே சொல்லிக்கிடுதேன், ஒண்...”

ஆவுடை மகளின் வாயைப் பொத்தினாள். பொத்திய கைக்குள் சூடான மூச்சும் ஈரமும் மோதின. தான் செய்வது நல்லதா கெட்டதா என்று அவளுக்குத் தெரியவில்லை. தன் வாயையும் இறுக மூடிக்கொண்டாள். அழுகிற பிள்ளையை அணைத்தால் தானாக வருகிற அந்தச் சொல் தொண்டைவரை வந்து முட்டியது. பல்லைக் கடித்து விழுங்கினாள்.

கட்டிலில் கிடந்த நந்திதாவின் கைபேசி அடித்தது. முகிலன். ஆவுடை இன்னொரு கையால் எடுத்தாள்.

“அத்த, என்ன சத்தம்? அவளா அழுதா?”

“ஆமா மாப்ள.”

“ஐயோ. ஸ்பீக்கர்ல போடுங்க அத்த. நான் ஒரு வார்த்த சொன்னாப் போதும், சரியாயிருவா.” அந்தக் குரலில் அவ்வளவு அக்கறை இருந்தது.

“வேண்டாம் மாப்ள. இன்னைக்கு அவ அழட்டும்.”

“அத்த, ஒங்களுக்குத் தெரியாது, அவளுக்கு ரொம்பக் கஷ்டமா இருக்கும்...”

“இருக்கட்டும்” என்று ஆவுடை கைபேசியை அணைத்தாள். அணைத்தது போதாது என்று பட்டது. மடித்து வைத்திருந்த சேலைகளுக்கு அடியில் அதைத் திணித்துப் பெட்டியை மூடினாள்.

பிறகு மகளின் வாயிலிருந்து கையை எடுத்தாள். அதற்குள் அந்த வாயில் சொல் எதுவும் மிச்சமில்லை. வெறும் சத்தம்தான் வந்தது. அடித்தொண்டையிலிருந்து, காட்டுத்தனமாக, செத்த வீட்டில் வந்திருக்க வேண்டிய சத்தம். சுக்கான் காதைப் பின்னுக்கு மடித்துக்கொண்டு எழுந்து, இரண்டு பேரையும் சுற்றிச் சுற்றி நடந்தது. குரைக்கவில்லை. கடைசியில் ஆவுடையின் பாதத்தின்மேல் வந்து படுத்தது. அதன் விலா படபடவென்று அடித்துக்கொள்வது அவள் காலில் தெரிந்தது.

நாளைக்கு இவள் ரயில் ஏறுவாள். எதிர் இருக்கையில் யாரோ ஒரு தாய் தன் பிள்ளைக்கு அந்தச் சொல்லைச் சொல்வாள். வீட்டுக்குப் போனால் புருஷன் சொல்வான், அன்பாகவே சொல்வான். ஊர் முழுக்க வாய்கள் இருக்கின்றன, தன்னிடம் இருப்பது இரண்டு கைகள்தான் என்று ஆவுடை நினைத்தாள். மகளைப் பிடித்திருந்த கையை இன்னும் இறுக்கினாள்.

வெளிச்சம் மங்கியபோது நந்திதாவே எழுந்தாள். சுவரைப் பிடித்துக்கொண்டு தொட்டிப் பக்கம் போனாள். குழாயைத் திறந்து, வீங்கிய முகத்தில் தண்ணீரை அள்ளி அடித்தாள். ஒரு வாய் எடுத்துக் கொப்பளித்து, சின்ன வயதில் செய்வதுபோலவே முகத்தைச் சுளித்துத் துப்பினாள்.

அந்த வீட்டுக் குழாயில் அப்போதும் உப்புத் தண்ணீர்தான் வந்தது.